ஆள் அனுப்பாத தளபதி

எண்பதுகளின் நடுவில் தொடங்கிச் சில வருஷங்கள் எங்கள் வீட்டு மாடியில் ஒரு தளபதி குடியிருந்தார். என் மனைவிக்குக் கொத்தமல்லி வாங்கி வந்து கொடுத்ததுதான் அவர் கடைசியாகச் செய்த ராணுவ சேவை.

அவர் பெயரை எழுதப்போவதில்லை. மரியாதை என்று நீங்கள் நினைத்துக்கொண்டால் எனக்குச் சந்தோஷம். உண்மையில் பயம். அதிலும் எந்தப் பெயரை எழுதுவது? வீட்டுக்கு முன்பணம் கொடுத்தபோது ஒரு பெயர் சொன்னார். மேற்குத் தாம்பரத்தில் அவர் புரூஃப் பார்த்த அச்சகத்தில் வேறொரு பெயர். ஊர்க்காரர்கள் யாராவது தேடிவந்தால் மூன்றாவதாக ஒன்றைச் சொல்லிக் கூப்பிடுவார்கள். அந்த மூன்றாவதுக்கு மட்டும் அவர் முதுகு தானாக நிமிரும்.

வீடு கேட்டு வந்தபோது, "தனி ஆள், சிலோன்" என்று மட்டும்தான் சொன்னார். மிச்சத்தையும் சொல்லியிருந்தால் நான் ராஜகீழ்ப்பாக்கத்தையே விட்டுவிட்டுக் கூடுவாஞ்சேரிப் பக்கம் ஓடியிருப்பேன். மிச்சத்தைச் சொன்னது அவரைத் தேடி வந்த ஒரு மனிதர். ஒரு கால் சற்று இழுத்து நடப்பவர். இவர் உட்காரும்வரை அவர் உட்காரவில்லை. இவர் எழுந்ததும் எழுந்தார். போகும்போது கேட்டருகே என்னிடம், "உங்களுக்குத் தெரியாதோ? எங்கட இயக்கத்தின்ர பகுதித் தளபதி. நூற்றுக்கணக்கான ஆக்கள் இவற்ற சொல்லுக் கேட்டவை" என்றார், ஏதோ மாடியில் இருப்பவர் நல்ல மிருதங்க வித்வான் என்பதுபோல.

அன்று காய்ச்சல் என்று ஆபீசுக்கு லீவு சொன்னேன். மத்தியானத்துக்குள் காய்ச்சல் நிஜமாகவே வந்துவிட்டது.

"தளபதின்னா மீசை இருக்கணுமில்ல?" என்றாள் மனைவி. எங்களுக்குத் தெரிந்த ராணுவம் எல்லாம் விமானப்படைத் தளத்து ஜீப்பில் போகும் மீசைகள்தான். இவருக்கு மீசை இல்லை. முப்பத்தைந்து வயதிருக்கும். சாரம் என்கிற லுங்கியைக் கட்டிக்கொண்டு மொட்டைமாடியில் சட்டை காயப்போடுவார். எங்கள் வீட்டுப் பூனைகூட அவருக்குப் பயப்படவில்லை. நான் ஒருவன்தான் அந்தப் பொறுப்பை ஏற்றுக்கொண்டிருந்தேன்.

கொஞ்ச நாளில் அவருடைய விசித்திரம் பிடிபட்டது. அவர் யாரையும் எங்கேயும் அனுப்ப மாட்டார்.

தண்ணீர் வேண்டுமென்றால் அவரே கீழே இறங்கி வருவார். அச்சகத்துப் பையன்கள் டீ வாங்க இவரைக் கேட்கும் நிலைமை. என் மகளை அவள் அம்மா கடைக்கு அனுப்புவது காதில் விழுந்தால் போதும், படியில் செருப்புச் சத்தம் கேட்கும். "பிள்ளையை ஏன் அக்கா அனுப்பிறியள்? நான் போட்டு வாறன்."

"ஐயோ, பக்கத்துத் தெருதானேண்ணா."

"பக்கத்துத் தெரு எண்டாலும் போற வழி எண்டு ஒண்டு இருக்குத்தானே."

என் மனைவி முதலில் கூச்சப்பட்டாள். பிறகு மகளைக் கடைக்கு அனுப்புவதுபோலச் சற்று உரக்கவே பேசக் கற்றுக்கொண்டாள். தளபதியைக் கொண்டு கறிவேப்பிலை, கொத்தமல்லி, ரேஷன் கடையில் பாமாயில் வந்துவிட்டதா என்ற உளவுச் செய்தி என எல்லாம் வாங்கினாள். "பாவம்டி" என்றால், "நீங்க போறீங்களா?" என்பாள். நான் பேப்பரை விரித்துக்கொள்வேன்.

எங்கள் தெரு முழுக்க ஒரு காலத்தில் எங்கள் தாத்தாவின் வயல். அப்பா மனை போட்டு விற்றார். விற்ற விஷயத்தை ஏரிக்கு யாரும் சொல்லவில்லை. ஐப்பசி பிறந்தால் தண்ணீர் பழைய உரிமையில் வந்து உட்கார்ந்துகொள்ளும். அதற்காகக் குடியிருப்போர் சங்கம் ஒன்று வைத்திருந்தோம். போண்டா நன்றாக இருக்கும். வேறு ஒன்றும் நடக்காது. ஒரு மழைக்காலத்தில் யாருக்கோ யோசனை தோன்றியது: தளபதியே நம் தெருவில் இருக்கும்போது நாம் ஏன் தலைவர் தேடி அலைய வேண்டும்?

ஓய்வுபெற்ற ஹெட்கிளார்க் ஒருவர்தான் பேசினார். "சார், நீங்க சும்மா ஆர்டர் போடுங்க. மத்ததை நாங்க பாத்துக்கறோம்."

இவர் "ஓம்" என்றார். நாங்கள் கை தட்டினோம். மறுநாள் காலை ஆர்டருக்காகப் படுக்கையிலேயே காத்திருந்தோம். ஆர்டர் வரவில்லை. ஜன்னலைத் திறந்தால், மழையில், முழங்கால் தண்ணீரில், தனியாக ஒரு மனிதர் மண்வெட்டியால் சாக்கடையின் அடைப்பை எடுத்துக்கொண்டிருந்தார். யாரையும் கூப்பிடவில்லை. ஜன்னல்களை நிமிர்ந்தும் பார்க்கவில்லை. கத்தியிருந்தால் போர்வையை இழுத்து மூடிக்கொண்டிருப்போம். அது எங்களுக்குக் கைவந்த கலை. கத்தாத மனிதரை என்ன செய்வது? ஒவ்வொரு வீட்டிலிருந்தும் ஒருவராக லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு இறங்கினோம். ஹெட்கிளார்க் குடை பிடித்துக்கொண்டு வந்தார். மத்தியானம் தண்ணீர் வடிந்துவிட்டது. எனக்கு வாரம் முழுக்க இடுப்பு வலி. 'இப்படி ஒரு தந்திரமா!' என்று வியந்தேன். தந்திரம் இல்லை என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது.

தெரிந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை, தாம்பரம் மார்க்கெட்டில்.

கோவளம் பக்கத்திலிருந்து மீன் கொண்டுவரும் ஓர் அம்மாவிடம் வாங்குவது இவர் வழக்கம். அன்று நானும் கூடப் போயிருந்தேன். கூடைக்கு இந்தப் பக்கம் நாங்கள். அந்தப் பக்கம் பை வைத்துக்கொண்டு இன்னொருவர். இவரும் அவரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். அப்படியே நின்றார்கள்.

"சுகமோ?" என்றார் அவர்.

"சுகம். நீர்?"

"இருக்கிறன். கூடுவாஞ்சேரியில."

"சரி. நீர் வாங்கும்."

"இல்லை, நீர் முதல்ல வாங்கும்."

பார்க்க உபசாரம்போல இருந்தது. எனக்குக் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் உறைத்தது. சிலோனில் அரசுப் படையோடு நடந்த சண்டைக்கு நடுவே, போராளி இயக்கங்களுக்குள்ளேயே ஒரு சண்டை நடந்தது. இவர் ஒரு பக்கத்துத் தளபதி, அவர் மறுபக்கத்துத் தளபதி. மீன் வாங்க வேண்டுமென்றால் கூடைமேல் குனிய வேண்டும். குனிந்தால் பிடரி தெரியும். இரண்டு தளபதிகளும் குனியத் தயாராக இல்லை.

மீன்கார அம்மாவுக்கு இந்த வரலாறு எதுவும் தெரியாது. "இன்னா நைனா, ரெண்டு பேரும் கம்பம் நட்டா மாரி நின்னுகினு கீறீங்க? வெயில்ல மீனு இன்னாத்துக்கு ஆவும்? வாங்கறவன் வாங்கு, வாங்காதவன் நவுரு. யாவாரத்த கெடுத்துகினு..."

என் கால்கள் ஓடச் சொன்னன. ஓடும் பலம் அவற்றுக்கு இல்லாததால் அங்கேயே உட்கார்ந்துவிட்டேன், கூடைக்கு முன்னால், இருவருக்கும் நடுவில். உட்கார்ந்த பிறகு சும்மா இருக்க முடியாது. "ரெண்டு பேருக்கும் நானே வாங்கறேன்" என்றேன். எனக்கு வஞ்சிரத்துக்கும் வாளைக்கும் வித்தியாசம் தெரியாது. அந்த அம்மா அன்றைக்கு விலைபோகாததையெல்லாம் என் தலையில் கட்டினாள்.

பையை வாங்கிக்கொண்டு இருவரும் எதிரெதிராக, முகத்தைத் திருப்பாமல், பின்பக்கமாகவே நடந்தார்கள். இவர் வாழைக்காய் வண்டியில் போய் முட்டிக்கொண்டார். கூடுவாஞ்சேரித் தளபதி பக்கென்று சிரித்துவிட்டார். இவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அந்தச் சிரிப்போடு இருவரும் முதுகைத் திருப்பிக்கொண்டு போனார்கள்.

வரும் வழியில் கேட்டேன்: "அவரும் பெரிய தளபதியா சார்?"

"கெட்டிக்காரன். ஆனா ஆக்களை அனுப்பிப்போட்டு ரேடியோவில பாட்டுக் கேப்பான்." கொஞ்ச தூரம் நடந்தார். "தளபதியள் ரெண்டு விதம் அண்ணை. முன்னுக்குப் போறவை கெதியாச் செத்துப்போவினம். பின்னுக்கு நிக்கிறவை கனகாலம் இருப்பினம். கனகாலம் இருக்கிறவையைத்தான் சனம் பெரிய தளபதி எண்டு சொல்லும்."

என் நாக்கு எப்போதும் மூளையைக் கேட்பதில்லை. "நீங்க எந்த விதம் சார்?"

"நான் உயிரோடதானே இருக்கிறன்."

என் பங்கு மீன் பையை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றிக்கொண்டேன். சேலையூர் வந்ததும் அவராகவே சொன்னார். அவர் பொறுப்பில் ஒரு பையன், அவர் பேச்சில் பெடியன், இருந்தான். எப்போதும் பகிடி விடுகிறவன். ஒருநாள் பாதை திறந்திருக்கிறதா என்று யாராவது பார்த்து வர வேண்டும். "நான் போறன் அண்ணை" என்று அவன் சைக்கிளை எடுத்தான். இவர் "சரி, போட்டு வா" என்றார். பனைமரங்கள் அடர்ந்த பனங்கூடல் திருப்பத்தில் அவன் மணியடித்துவிட்டு வளைந்து மறைந்தான். பிறகு ஜீப் சத்தம் கேட்டது. அதற்குப் பிறகு மணிச் சத்தம் கேட்கவில்லை.

"ஊரில என்ன கதைக்கினம் தெரியுமோ? பெடியனை அனுப்பிப்போட்டு நாங்கள் அந்த நிமிசமே வேற பாதையால மாறிட்டமாம். தாய்க்காரியும் அப்பிடித்தான் நம்பிக்கொண்டிருக்கிறா. ஒருக்கா அவவைக் காண வேணும். கண்டு, முகத்துக்கு நேர சொல்ல வேணும்."

அன்று மீன் குழம்பு யாரும் சாப்பிடவில்லை. துக்கத்தால் இல்லை, நான் வாங்கிய மீன் அப்படி.

முன்னாள் பிரதமர் குண்டுவெடிப்பில் கொல்லப்பட்ட அந்த மே மாதத்துக்குப் பிறகு எல்லாம் மாறியது. சிலோன்காரர்களுக்கு வீடு கொடுத்தவர்கள் எல்லாம் ராத்திரியோடு ராத்திரியாகப் பூட்டுப் போட்டார்கள். என் நிலைமையைச் சொல்ல வேண்டாம். காற்றில் கேட் ஆடினால் கைகளைத் தூக்கிக்கொண்டு எழுந்து நின்றேன். இவர் தானாகவே ஸ்டேஷனுக்குப் போய் மூன்று பெயர்களையும் சொல்லிப் பதிந்துகொண்டார். விசாரணை முடியும்வரை கேட்டைத் தாண்டக் கூடாது என்றார்கள். தாண்ட மாட்டேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டு வந்தார். புரூஃப் கட்டுகள் வீட்டுக்கே வந்தன. கான்ஸ்டபிள் ஒருவர் அடிக்கடி வந்து, இவரைப் பார்த்து, என் மனைவி போடும் டீயைக் குடித்துவிட்டுப் போவார்.

"காலி பண்ணச் சொல்லட்டுமோ எண்டு யோசிக்கிறியளோ அண்ணை?" என்று ஒருநாள் தளபதி கேட்டார்.

"சேச்சே" என்றேன். காலி செய்யச் சொல்லவும் எனக்குப் பயமாக இருந்தது. அது நல்லதாகப் போயிற்று.

தை மாதம். திருச்சியிலிருந்து வந்த அச்சகத்து ஆள் ஒருவர் செய்தி கொண்டுவந்தார். அந்தப் பெடியனின் தாய் அங்கே உறவுக்காரர் வீட்டில் அகதிப் பதிவோடு இருக்கிறார். ஊருக்குத் திரும்பும் கப்பலில் அடுத்த வாரம் போகிறார். போகுமுன் இவரை ஒருமுறை பார்க்க வருகிறார். நாளைக் காலை ரயிலில் தாம்பரம். அன்று மாலையே திரும்பிவிடுவார். முகவரி தெரியாது. யாராவது போய் அழைத்து வர வேண்டும்.

தளபதி வாசற்படியில் உட்கார்ந்து கேட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். கேட்டுக்கு இந்தப் பக்கம் அவருடைய வாக்கு. அந்தப் பக்கம் தாம்பரம்.

"இவரு போவாரு அண்ணா" என்றாள் மனைவி, என்னைக் காட்டி.

"வேண்டாம் அக்கா."

"அப்ப நான் போறேன்."

"ஐயோ, வேண்டவே வேண்டாம்."

பொழுது சாயும்வரை அப்படியே இருந்தார். பிறகு எழுந்து என்னிடம் வந்தார். கேட்க வாய் திறந்தார், மூடிக்கொண்டார். நூற்றுக்கணக்கான பேருக்கு உத்தரவு போட்ட வாய். கடைசியில் சொன்னார்: "அண்ணை, நீங்கள் போட்டு வாறியளோ?"

"ஓ, போயிட்டு வரேனே! எட்டு மணிக்கெல்லாம் வந்துடுவேன்" என்றேன். அந்தக் குரல் யாருடையது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

அடையாளம் வெள்ளைச் சேலை, பனையோலைப் பை. ஸ்டேஷனில் இறங்கும்போதே எனக்கு ஒரே கவலை: அந்த அம்மா வாயைத் திறந்தால் பேச்சே காட்டிக்கொடுத்துவிடும். சட்டப்படி அவரிடம் எல்லாம் சரியாக இருந்தது. சட்டப்படி இல்லாதது என் நடுக்கம் மட்டும்தான். பிளாட்பாரத்தில் ஒரு போலீஸ்காரர் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். ரயிலோ வரவில்லை. எட்டு மணி அங்கேயே போயிற்று.

ரயில் வந்து நின்று கூட்டம் இறங்கியதும் வெள்ளைச் சேலை ஒன்று தெரிந்தது. பாய்ந்து போய், "அம்மா, சுகமோ? களைச்சுப் போட்டியளோ? ஒண்டும் கதைக்காதேங்கோ!" என்றேன்.

ஆமாம். அவர் அந்தப் பேச்சுப் பேசிவிடக் கூடாதே என்ற பதற்றத்தில், நான் அந்தப் பேச்சைப் பேசினேன். தாம்பரம் ஸ்டேஷன் முழுக்கக் கேட்கும்படி.

"இன்னா நைனா, காலங்காத்தால போட்டுகினு வந்துகிறியா?" என்றாள் அந்த அம்மா. செங்கல்பட்டுப் பூக்காரி. போலீஸ்காரர் பேப்பரைத் தாழ்த்தி என்னைப் பார்த்தார். ஒரு பக்கத்தைத் திருப்பிக்கொண்டு மறுபடியும் படித்தார்.

"தம்பி, என்னையா தேடுறீங்க?" என்று பின்னால் ஒரு குரல். பனையோலைப் பை. வெளியாட்களுக்கென்று பழகிவைத்த சுத்தமான திருச்சித் தமிழ். "பஸ் எங்கப்பா நிக்கும்?"

பஸ்ஸா? பஸ்ஸில் கண்டக்டர் இருப்பார், கேள்வி கேட்பார், 'எங்க போகணும்' என்பார்! நான் அவரை நடத்தியே அழைத்துப்போனேன். நேர் ரோட்டிலும் இல்லை. சந்து சந்தாக, ஏரிக்கரை சுற்றி, எனக்கே தெரியாத தெருக்கள் வழியாக. எங்களைத் தாண்டிப் போன எங்கள் ஊர் பஸ் ஒவ்வொன்றையும் அந்த அம்மா எனக்குச் சுட்டிக்காட்டினார். "தம்பி, இதுவும் அங்கதானே போகுது?"

"இது வேறம்மா. இது சுத்திக்கிட்டுப் போகும்."

"நாம?"

நான் அடுத்த சந்தில் திரும்பினேன். வழியில் ஓரிடத்தில் அந்த அம்மா மரத்தடியில் உட்கார்ந்தார். தண்ணீர் குடித்துவிட்டு, "அவர் எப்பிடி ஆள், தம்பி?" என்று கேட்டார். ஊர்ப் பேச்சு தானாக வந்துவிட்டது.

"நல்லவரும்மா."

"நல்லவர் எண்டா ஏன் என்ர பிள்ளையை விட்டிட்டு ஓடினவர்?"

அதை அவரே சொல்லட்டும் என்று, அந்த அம்மா எழுந்திருக்கக் கை கொடுத்தேன்.

எங்கள் தெரு முனை திரும்பியபோது உச்சி வெயில். தூரத்தில் எங்கள் கேட் அகலத் திறந்து கிடந்தது. தெரு நடுவில் ஒருவர் நின்றார். கேட்டுக்கு உள்ளே இல்லை, வெளியே. அவர் கையைப் பிடித்து என் மனைவி இழுத்துக்கொண்டிருந்தாள். திட்டில் டீ கிளாசோடு கான்ஸ்டபிள் எங்களுக்கு முதுகு காட்டி உட்கார்ந்து, எதிர்வீட்டு முருங்கை மரத்தை மிகக் கவனமாகப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எட்டு மணிலேர்ந்து நிக்கறாருங்க" என்று மனைவி அங்கிருந்தே கத்தினாள். "உக்காரல. ஒரு வாய் தண்ணி குடிக்கல. உங்களைத் தேடிக்கிட்டு ஸ்டேஷனுக்குப் போறேன்னு..."

"நானும் சொல்லிப் பாத்துட்டேன் சார், கேக்கறா மாரி இல்ல" என்றார் கான்ஸ்டபிள், முருங்கை மரத்திடம். "நான் ஒண்ணியும் பாக்கல."

தளபதி ஓடிவந்தார். பக்கத்தில் நின்ற அந்தத் தாயை, அத்தனை வருஷமாக ஒருமுறை காண வேண்டுமென்று இருந்த அந்த முகத்தை, அவர் பார்க்கவே இல்லை. என் தோள்களைப் பிடித்தார். கைகளைத் தடவிப் பார்த்தார். என் முகத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "வந்திட்டியளோ? ஒண்டும் இல்லைத்தானே? வந்திட்டியளோ?" என்று திரும்பத் திரும்பக் கேட்டார். என்னைவிட மோசமாக நடுங்கும் ஒரு மனிதரை அன்றுதான் பார்த்தேன். ஒரு தளபதியிடம் சொல்லக்கூடிய ஒரே பதிலைச் சொன்னேன்: "வந்துட்டேன் சார். நடந்து வந்தோம். அதான் லேட்."

அந்த அம்மா அவரையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"என்ர பிள்ளைக்கும் இப்பிடித்தான் நிண்டனீயோ?"

அப்போதுதான் அவர் திரும்பினார். சொல்வதற்கென்று எத்தனை வருஷமாக என்னென்ன சேர்த்து வைத்திருந்தாரோ தெரியாது. "ஓம் அம்மா" என்றார். "பனங்கூடல் திருப்பத்தில. ரெண்டு பேர் வந்து கையைப் பிடிச்சு இழுத்துக்கொண்டு போகும் மட்டும்."

அந்த அம்மா பனையோலைப் பையை என் கையில் கொடுத்துவிட்டு, அவர் கையை இறுக்கிப் பிடித்துக் கேட்டுக்குள் இழுத்தார்.

"வா மகன். வெயில். உள்ள வா."